தகப்பன் பேர் கட்டத்தில் இருந்தவர்

மாரிக்கனியைத் தேடி வருகிறவர்கள் எடுத்த எடுப்பிலேயே பேரைத்தான் சொல்வார்கள். அவள் அதைக் காதில் வாங்கிக்கொள்வாளே தவிர எழுதிக்கொள்ள மாட்டாள்.

"பேரு கெடக்கட்டும். அவிய அம்மாவுக்கு எந்த ஊரு?" என்பாள்.

வந்தவர் முழிப்பார். பட்டா நகல் கேட்டு வந்த இடத்தில் அம்மா ஊர் எதற்கு என்று யோசிப்பார். அவள் அசரமாட்டாள்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் பத்திர ஆபீசுக்கு எதிர்வரிசையில், டீக்கடையை ஒட்டி எட்டடி அகலத்தில் ஒரு கடை. முன்பாதியில் ஜெபக்குமார் டைப் அடிக்கிறார். பின்பாதியில் மாரிக்கனியின் கம்ப்யூட்டரும், மூடி உடைந்த ஒரு பிரிண்டரும். வில்லங்கம், பட்டா, பிறப்பு இறப்பு, வாக்காளர் பட்டியல் பார்த்துத் தரப்படும் என்று பலகையில் எழுதியிருக்கிறது. அவளுடைய உண்மையான தொழில் பலகையில் இல்லை. ஒரே பேரில் இருக்கிற ஆட்களைத் தனித்தனியாகப் பிரித்துக் கொடுப்பதுதான் அந்தத் தொழில்.

அந்தப் பக்கத்தில் அதற்கு வேலை குறைவதே இல்லை. மூத்தவனுக்குக் குலசாமி பேர். அண்ணன் தம்பி மூன்று பேர் என்றால் மூன்று வீட்டிலும் மூத்தவன் இருளப்பசாமிதான். அப்பனும் மூத்தவனாகப் பிறந்திருந்தால் அவரும் இருளப்பசாமி. தெருவில் இதனால் ஒரு குழப்பமும் வராது. லாரி இருளப்பன், கெணத்தடி இருளப்பன், அம்மா வத்ராப்பிலிருந்து வாக்கப்பட்டு வந்ததால் வத்ராப்பு இருளப்பன் என்று ஆளுக்கொரு அடையாளம் இருக்கும். அரசாங்க ரிஜிஸ்டருக்குத்தான் லாரியும் தெரியாது, கிணறும் தெரியாது. அங்கே எல்லோரும் 'இருளப்பசாமி, த/பெ இருளப்பசாமி'.

அதனால் மாரிக்கனி ஒரு சீட்டு அச்சடித்து வைத்திருந்தாள். நாலு கட்டம். முதலில் அம்மா ஊர், அடுத்து தெருவில் கூப்பிடுகிற பேர், மூன்றாவதாகத் தகப்பன் பேர். ஆளின் பேர் கடைசிக் கட்டத்தில்தான் வரும்.

இதை அவளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. பதினாறு வருஷத்துக்கு முன்னால் அவள் புருஷன் இருளப்பசாமி, கம்பத்தில் ஏறி வேலை பார்க்கும்போது கரண்ட் அடித்துச் செத்துப்போனார். விதவைச் சான்று கேட்டுப் போனாள். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்தவர் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுத் தலையைத் தூக்காமலே சொன்னார்: "உன் வீட்டுக்காரர் உயிரோடதான இருக்காரு? போன வாரம் எடம் வாங்கிப் பத்திரம் பதிஞ்சிருக்காரே."

கருமாதி முடிந்து இருபது நாள்கூட ஆகவில்லை. ஒரு நொடி, ஒரே ஒரு நொடி, நெஞ்சு துள்ளிவிட்டது அவளுக்கு. அந்தத் துள்ளலுக்காகத்தான் அந்த மனுஷரை அவள் இன்று வரை மன்னிக்கவில்லை. இடம் வாங்கியவர் லாரி இருளப்பன் என்று நிரூபிக்க எட்டு மாதம் நடந்தாள். நடந்த நடையில் எந்த ஆபீசில் எந்த அலமாரி என்பது அத்துப்படியாகிவிட்டது. ஜெபக்குமார்தான், "இம்புட்டு அலையுற பொம்பளை இங்கயே உக்காந்துக்கோ" என்று பின்பாதியைக் கொடுத்தார். கம்ப்யூட்டரை முப்பத்தைந்து வயதுக்கு மேல் கற்றுக்கொண்டாள்.

அந்த வியாழக்கிழமை மத்தியானம் வந்தவனுக்கு நாற்பது வயது இருக்கும். கையில் கண்ணாடித்தாள் கோப்பு ஒன்று. உள்ளே பாஸ்போர்ட் நகலே மூன்று தெரிந்தது. உட்கார்ந்ததும் போனைத் தொட்டுப் பார்த்தான். பாக்கெட்டைத் தொட்டுப் பார்த்தான். மறுபடியும் போன்.

"அக்கா, பிரேம்குமார் என் பேரு. நெதர்லாந்துல இருக்கேன். ஞாயித்துக்கெழம மதுரையில ஃபிளைட். அதுக்குள்ள ஒரு பேட்டன்ட் தேடணும். வைகுண்டராஜ்னு பேரு. எங்கப்பா."

பேட்டன்ட் தேடுவது அவளுக்குப் புதிதில்லை. ராஜபாளையத்துப் பேண்டேஜ் கம்பெனிக்காரர்கள் ஏதாவது புதிதாகச் செய்தால், வேறு யாராவது முந்திக்கொண்டு பதிந்திருக்கிறார்களா என்று அவளிடம் பார்க்கச் சொல்வார்கள்.

"பேரு கெடக்கட்டும் தம்பி. அப்பாவைப் பெத்தவிய எந்த ஊரு?"

"ஆச்சிக்கா? மம்சாபுரம். நாங்க இருக்கறது மகாராஜபுரம்."

"தெருவுல அப்பாவை என்ன சொல்லிக் கூப்பிடுவாக?"

பிரேம்குமார் வாசல் பக்கம் பார்த்தான்.

"பேட்டன்ட்."

டைப் அடித்துக்கொண்டிருந்த ஜெபக்குமார் சத்தமாகச் சிரித்துவிட்டு, உடனே இருமுகிற மாதிரி மாற்றிக்கொண்டார்.

"சிரிச்சுக்கோங்க சார். ஊரே சிரிச்சதுதான்" என்றான் பிரேம்குமார். "என்னை 'பேட்டன்ட் மவன்'. தங்கச்சியைப் பொண்ணு பாக்க வந்தப்ப 'பேட்டன்ட் வீடு எது'ன்னு கேட்டுத்தான் வந்தாங்க. அப்பா பேண்டேஜ் கம்பெனியில ஃபிட்டர். மடிக்கிற மிஷினுக்கு ஏதோ ஒண்ணு செஞ்சாராம். என் பேர்ல கவர்மென்ட்டுல இருக்குன்னு சொல்லிட்டே இருப்பாரு. பேப்பர் எங்கன்னா, கவர்மென்ட்டுல இருக்கும்பாரு. பத்தாவது படிக்கும்போது நான் சொல்லிட்டேன், அத்தனை பேர் முன்னாடி. 'பொய் சொல்லாதீங்கப்பா, அசிங்கமா இருக்கு'ன்னு."

"பொறவு?"

"அன்னையிலேர்ந்து அவரு அந்தப் பேச்சையே எடுக்கல. இருபத்தஞ்சு வருசம். இந்த மாசிக்கு ஸ்ட்ரோக் வந்து ஒரு பக்கம் இழுத்துக்கிச்சு. இப்ப நான் வந்து எறங்குன அன்னைக்கு, 'ஏலே, அதை ஒருக்கா தேடிப் பாரேன்'னாரு. அவ்வளவுதான்." கோப்பின் ஓரத்தை நகத்தால் கீறினான். "பொய்யா இருந்தாலும் பரவாயில்லக்கா. எனக்குத் தெரிஞ்சாகணும். அடுத்த தடவை நான் வரும்போது..."

முடிக்கவில்லை. மாரிக்கனி முடிக்கவும் விடவில்லை.

"தகப்பன் பேரு? உங்க தாத்தா."

"சமுத்திரம்."

எழுதினாள். அந்த வாரத்தில் மூன்றாவது சமுத்திரம். போன் நம்பரையும் சீட்டில் குறித்துக்கொண்டாள்.

காப்புரிமை அலுவலகத்தின் பக்கம், ஏர் இழுக்கிற கிழட்டு மாடு மாதிரி நகர்ந்தது. கோணல் எழுத்துகளைக் காட்டி இது என்ன என்று கேட்டது. இரண்டு முறை தப்பு என்று தள்ளியது. பேரை ஆங்கிலத்தில் நாலு விதமாகப் போட்டுத் தேடியதில் பதினோரு பேர் வந்தார்கள். ஒருவர் தூத்துக்குடியில் உப்புச் சம்பந்தமாக ஏதோ. இன்னொருவர் சென்னையில் தண்ணீர் பம்ப். பெங்களூரில் ஒரு பையன் போனுக்குள் என்னவோ செய்திருந்தான். எட்டாவது வரியில் ராஜபாளையம். வருஷம் தொண்ணூற்றாறு. மருத்துவக் காஸ் துணியை மடிக்கிற சாதனம்.

பிரேம்குமார் எழுந்து நின்றுவிட்டான். நாற்காலி பின்னால் விழுந்தது.

"அக்கா! இதுதான். இருக்கு பாருங்க. இருக்கு!"

ஜெபக்குமாரும் எழுந்து வந்து எட்டிப் பார்த்தார். பிரேம்குமார் போனை எடுத்துவிட்டான். வீட்டு நம்பரைத் தேடினான். மாரிக்கனி அப்போதுதான் பேருக்குக் கீழே இருந்த விலாசத்தைப் படித்தாள்.

"தம்பி, போனை வையி."

"ஏன்க்கா?"

"இது உங்கப்பா இல்ல."

அந்தத் தெரு அவளுக்குத் தெரியும். அந்தக் கதவு நம்பரும் தெரியும். ஒவ்வொரு ஆயுத பூஜைக்கும் முப்பது பெண்கள் வரிசையாக நின்று பொரியும் சேலையும் வாங்கிய வீடு அது. கல்யாணத்துக்கு முன்னும் பின்னுமாக ஆறு வருஷம் அவளும் பேண்டேஜ் துணி மடித்திருக்கிறாள்.

"அப்பா எந்தக் கம்பெனியில இருந்தாரு?"

"தென்காசி ரோட்டுல, தண்ணித் தொட்டிக்குப் பின்னால."

"அங்கதான் நானும் இருந்தேன். தொண்ணூத்தி மூணுலேர்ந்து தொண்ணூத்தொம்பது வரைக்கும். அங்க வைகுண்டராஜ்னா ஒருத்தர்தான் தம்பி. முதலாளி. இது அவரு வீட்டு விலாசம்."

"ஃபிட்டர்..."

"ஃபிட்டர்ல அந்தப் பேர்ல யாரும் கெடையாது."

அவன் போனில் ஒரு படத்தைக் காட்டினான். பிளாஸ்டிக் நாற்காலியில் ஒரு கிழவர். நரைத்த தாடி, ஒரு பக்கமாக இழுத்துக்கொண்ட வாய். மாரிக்கனி கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தாள். தெரிந்த முகமாக இல்லை.

"அப்ப அங்க வேலையே பாக்கலையா?" என்றான் பிரேம்குமார். அவளைக் கேட்ட மாதிரி இல்லை. "காலையில ஆறு மணி பஸ்ஸுக்குத் தூக்குச்சட்டியோட போவாரு. ஒருநாள் பாக்கியில்லாம போவாரு."

"முழு பத்திரமும் தெறக்க மாட்டேங்குது. சர்வர் படுத்துக்கிச்சு. நாளைக்குக் காலையில—"

"வேண்டாம்க்கா."

விழுந்த நாற்காலியைத் தூக்கி நிறுத்தி, தூசியைத் தட்டிவிட்டுப் போனான்.

சாயங்காலம் ராஜபாளையம் டவுன் பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தும் மாரிக்கனிக்கு அது உறைக்கவில்லை. தான் சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை. தப்பான தாளைப் பிரிண்ட் போட்டுக் கொடுத்து அனுப்பியிருந்தால்தான் தப்பு. ஆனாலும், ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்த அந்த மனுஷரும் இதைத்தானே செய்தார்? இருந்த புத்தகத்தைப் பார்த்து, இருந்ததைச் சொன்னார். தலையைத் தூக்காமல் சொன்னார், அவ்வளவுதான். நான் தூக்கினேனா? ஸ்டாப் வந்தது தெரியாமல் ஒரு நிறுத்தம் தள்ளி இறங்கி நடந்தாள்.

வெள்ளிக்கிழமை காலை கடையைத் திறந்ததும் முதல் வேலையாக அந்தப் பத்திரத்தைத் தட்டினாள். திறந்துகொண்டது. பதினாலு பக்கம். யாரோ அவசரத்தில் ஸ்கேன் பண்ணியதில் பாதிப் பக்கங்கள் சாய்ந்திருந்தன. முதல் பக்கத்தில், கண்டுபிடித்தவர்கள் என்கிற இடத்தில் ஒரு பேர் இல்லை, இரண்டு பேர் இருந்தன. முதலில் முதலாளி. அதற்குக் கீழே: சமுத்திரம், ராஜபாளையம்.

"அட!" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டாள். "அண்ணே, இங்க பாருங்களேன். சமுத்திரம் அண்ணாச்சி பேரையும் போட்டிருக்காக!"

"அது யாருட்டி?"

"எங்க ஃபிட்டரு. நாங்க மடிக்கையில துணியோட வெளும்பை உள்ள தள்ளித் தள்ளி மடிக்கணும்ணே, நூலு வெளிய தெரியக் கூடாது. பிளீச்சிங் வாசம் போகாத துணி. விரல் இடுக்கெல்லாம் வெடிச்சு ரத்தம் வந்திரும். வெள்ளைத் துணியில பொட்டு ரத்தம் பட்டா அந்தக் கட்டே கழிவு. திட்டு வேற. அண்ணாச்சிதான் பாத்துட்டே இருந்தாரு ஒரு வாரம். பொறவு சைக்கிள் கம்பியை வளைச்சு சீப்பு மாதிரி ஒண்ணு செஞ்சாரு. துணி அதுக்குள்ள போகும், வெளும்பு தன்னால மடங்கிரும். எங்க கை பொழைச்சது அதுலதான்."

"கூலிக்காரன் பேரையும் சேத்துப் போட்டிருக்காருன்னா, அந்த முதலாளி நல்ல மனுசன்தான்."

"நல்லவருதான்ணே."

பக்கங்களைத் தள்ளினாள். ஆங்கில விளக்கம் ஏழு பக்கம். படங்கள் இரண்டு பக்கம். சீப்பைப் பார்த்ததும் விரல்கள் தானாக மடங்கின. கடைசிக்கு முந்தின பக்கத்தில், 'இதை உண்மையில் கண்டுபிடித்தவர்கள் நாங்களே' என்கிற உறுதிமொழி. அதன் கீழே இரண்டு கையெழுத்து. முதலாவது ஆங்கிலத்தில், ஒரே இழுப்பு. இரண்டாவது தமிழில், ஒவ்வொரு எழுத்தாகப் பேனாவை அழுத்திப் போட்டது. டைப் அடித்த 'சமுத்திரம்' என்ற பேருக்கு மேலே, அந்தக் கையெழுத்து இப்படி இருந்தது:

ச. வைகுண்டராஜ்.

மாரிக்கனி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தாள். அப்புறம் நேற்றைய சீட்டைத் தேடி எடுத்தாள். மூன்றாவது கட்டத்தில், அவள் கையாலேயே எழுதியிருந்தாள். தகப்பன் பேர்: சமுத்திரம். பதினைந்து வருஷமாகப் பேர் பிரிக்கிறவள், அந்தப் பேர் தகப்பன் கட்டத்தில் இருந்த ஒரே காரணத்தால் அதை ஒரு ஆளாகப் பார்க்கவே இல்லை.

"ஜெபக்குமாரண்ணே," என்றாள். "முதலாளி பேரும் வேலைக்காரன் பேரும் ஒண்ணா இருந்தா என்ன செய்வாக?"

"இது ஒரு கேள்வியா? வேலைக்காரன் பேரை மாத்திருவாக. முதலாளி காதுபட 'ஏலே வைகுண்டம், அந்த போல்ட்டை முடுக்குலே'ன்னு கத்த முடியுமா? எங்க மாமா பையன் பாத்திரக் கடையில சேந்தப்ப, சேந்த அன்னைக்கே அவனை 'பாண்டி'ன்னுட்டான் கடைக்காரன். பதினெட்டு வருசம் பாண்டிதான்." டைப் மெஷினிலிருந்து கையை எடுத்தார். "ஏன் கேக்க?"

அவள் திரையைக் காட்டினாள். அவர் குனிந்து படித்தார்.

"பேட்டன்ட்" என்றார், தனக்குள். நேற்றுச் சிரித்தது ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

சீட்டில் இருந்த நம்பருக்கு மாரிக்கனி போன் போட்டாள். மூன்றாவது முறைதான் எடுத்தான்.

"தம்பி, உங்க தாத்தா பேண்டேஜ் கம்பெனியில வேலை பாத்தாரா?"

"என்னக்கா கேக்கிறீங்க? நான் பொறக்கறதுக்கு முன்னாடியே செத்துட்டாரு."

"அப்ப செத்தவரு தொண்ணூத்தாறுல எப்படி மிஷின் கண்டுபிடிச்சாரு?"

போனில் ஒரு ஆட்டோ போகிற சத்தம் வந்தது.

"நேத்து நான் சொன்னது தப்பு" என்றாள். "உங்கப்பாவை எனக்குத் தெரியும். நல்லாத் தெரியும். வேற பேர்ல தெரியும்."

அன்று மாலை, கையிருப்பில் இருந்த சீட்டுக் கட்டை எடுத்து ஒவ்வொன்றின் அடியிலும் ஸ்கேல் வைத்து இன்னொரு கட்டம் போட்டாள். வேலை பார்த்த இடத்தில் என்ன பேர்? முன்பாதியில் ஜெபக்குமார் முத்திரைத்தாளில், இரண்டு பேரும் ஒரே ஆளுக்குத்தான் என்கிற உறுதிமொழியை அடித்துக்கொண்டிருந்தார். வாரத்துக்கு நாலாவது அடிப்பார் அதை. அன்றைக்கு ஒரு எழுத்துப் பிசகு வந்ததும் தாளைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதுசாக ஆரம்பித்தார்.

சனிக்கிழமை காலை பிரேம்குமார் வாடகைக் காரில் வந்து அவளைக் கூட்டிப்போனான். "நீங்களும் வாங்கக்கா. நான் மட்டும் போய்க் காட்டுனா, ஏதோ நெட்டுல தயார் பண்ணிட்டு வந்துட்டேன்னு அம்மா சொல்லும்" என்றான். வத்ராப் தாண்டுகிற வரை பேப்பர் கோப்பில் இருக்கிறதா என்று நாலு தடவை பார்த்துவிட்டான். பத்திரத்தை மூன்று நகல் எடுத்து, ஒன்றை லேமினேட் வேறு செய்திருந்தான்.

மகாராஜபுரத்தில் வீட்டு வாசலில், போட்டோவில் பார்த்த அதே பிளாஸ்டிக் நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்தார். வலது கை மடியில் கிடந்தது. அவர் சம்சாரம் செல்வலட்சுமி பக்கத்தில் நின்று அவருக்கு டீயை ஆற்றிக்கொண்டிருந்தாள். நேரில் பார்த்தபோதும் மாரிக்கனிக்கு முகம் பிடிபடவில்லை. கிட்டே போய், வேண்டுமென்றே கொஞ்சம் சத்தமாகவே சொன்னாள்:

"சமுத்திரம் அண்ணாச்சி! நல்லாருக்கீகளா?"

செல்வலட்சுமி டீ ஆற்றுவதை நிறுத்தினாள். கிழவரின் தலை சட்டென்று திரும்பியது, முப்பது வருஷத்துக்கு முன்னால் மிஷின் சத்தத்துக்கு நடுவே யாராவது கூப்பிட்டால் திரும்புகிற அதே திரும்பல். அப்போதுதான் மாரிக்கனிக்கு முகம் தெரிந்தது.

"யாரு?" கண்ணைச் சுருக்கினார். "மடிப்புல... ரெண்டாவது மேசை. ஏட்டி, மாரிக்கனியா?"

"மாரிக்கனியேதான்."

"இந்தாம்மா, இரு" என்றாள் செல்வலட்சுமி. "நீ யாரை எந்தப் பேரு சொல்லிக் கூப்பிடுற? அது எங்க மாமனார் பேருல்லா? நான் வாக்கப்பட்டு வந்து நாப்பத்திமூணு வருசமாச்சு, ஒருநாளு அந்தப் பேரை வாயால சொன்னதில்ல."

"அங்க அண்ணாச்சிக்கு அதுதான் மதினி பேரு. முதலாளி பேரும் வைகுண்டராஜ்."

செல்வலட்சுமி புருஷனைப் பார்த்தாள். அவர் மடியில் கிடந்த கையைப் பார்த்தார்.

"சேந்த அன்னைக்குக் கணக்கப்பிள்ளை பேரைக் கேட்டாரு. சொன்னேன்" என்றார். வாய் கோணியதால் ஒவ்வொரு வார்த்தையும் வழி தேடி வந்தது. "அய்யய்யோ, அந்தப் பேரு ஆகாது, உங்கப்பன் பேரு என்னன்னாரு. அதையும் சொன்னேன். இனிமே அதான் உன் பேருன்னு நோட்டுல எழுதிட்டாரு."

"வீட்டுல சொல்லியிருக்கலாம்லா?" என்றாள் செல்வலட்சுமி.

"என்னன்னு சொல்லச் சொல்லுத? பேரைக் கழட்டி வாசல்ல விட்டுட்டு உள்ள போறேன், சாயங்காலம் மாட்டிக்கிட்டு வாரேன்னா?"

அதனால்தான் கம்பெனி ஆட்கள் ஒருத்தரைக்கூட மகள் கல்யாணத்துக்கு அழைக்கவில்லை என்பது செல்வலட்சுமிக்கு அப்போது விளங்கியிருக்க வேண்டும். டம்ளரைத் தரையில் வைத்துவிட்டுப் படியில் உட்கார்ந்துவிட்டாள். "ஊர்ல பேட்டன்ட்டு பேட்டன்ட்டுன்னு சிரிக்கையில நானும்லா சேந்து சிரிச்சேன்" என்றாள், யாரிடம் என்றில்லாமல்.

பிரேம்குமார் தாளை நீட்டினான். "அப்பா, அவங்க டைப் அடிச்சது தாத்தா பேரு. ஆனா நீங்க..."

"இங்கிலீசுல இருந்துச்சு. எனக்கென்ன தெரியும். இங்க கையெழுத்துப் போடுன்னாரு முதலாளி. கையெழுத்துன்னா நான் எம்பேரைத்தான போடுவேன்?"

"போட்டிருக்கீங்கப்பா. இருக்கு. அன்னைக்கு நான் உங்களை..."

"படம் இருக்கா?" என்றார் அவர்.

"என்னது?"

"படம்லே. சீப்போட படம் வரைஞ்சிருப்பாகள்லா. அதைக் காட்டு."

பிரேம்குமார் தடுமாறிப் பக்கத்தைத் திருப்பினான். லேமினேட் செய்த தாளில் வெயில் பட்டுப் பளபளத்ததால் அவர் முகத்தைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார். இடது கை விரலால் ஒவ்வொரு கம்பியாகத் தொட்டுக்கொண்டே போனார். கடைசிக்குப் போய்விட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"பதினாறு போட்டிருக்கான்" என்றார். "தப்பு. பதினாலுதான். பதினாறு வச்சா துணி சிக்கும்."

"பதினாலுதான் அண்ணாச்சி. நான் எண்ணியிருக்கேன்" என்றாள் மாரிக்கனி.

"பாத்தியா?" என்றார் மகனிடம். "கவர்மென்ட்டுல தப்பாப் போட்டு வச்சிருக்கான்."

இழுத்துக்கொள்ளாத பக்கத்து உதடு சிரித்தது. பிரேம்குமாரும் சிரித்தான். சிரித்துக்கொண்டே வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பி நின்றான், செத்த நேரம்.

மாரிக்கனி எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னாள். அந்த உரிமை எப்போதோ காலாவதியாகிவிட்டது. கம்பெனியையும் மூடியாகிவிட்டது. இதை வைத்து எதுவும் வாங்க முடியாது, யாரையும் கேட்கவும் முடியாது. ஒரே ஆள் என்கிற உறுதிமொழியை அண்ணாச்சி போட்டுக் கொடுத்தால், இந்தத் தாளில் இருக்கிற சமுத்திரம் யார் என்று நாளைக்கு யாரும் கேட்க முடியாது. அது ஒன்றுதான் பிரயோஜனம்.

"எதுக்கு அது?" என்றார் கிழவர். "எங்கப்பன் கண்மாய்க்கரையத் தவிர ஒண்ணும் காணாத மனுசன். கவர்மென்ட்டு பேப்பர்ல அவரு பேரு இருந்துட்டுப் போகட்டும்."

"எனக்கு வேணும்ப்பா" என்றான் பிரேம்குமார். "நான் கொண்டு போகணும்."

அவர் மகனைப் பார்த்தார். இருபத்தைந்து வருஷத்துக்கு முன்னால் அத்தனை பேருக்கு முன்னாடி நின்ற பையனைப் பார்த்திருப்பாரோ என்னவோ. பிறகு இடது கையை நீட்டினார்.

மாரிக்கனி மைப்பெட்டியும் கொண்டு வந்திருந்தாள், கை வராதவர்களுக்குக் கட்டைவிரல் ரேகை போதும் என்று. அவர் அதைத் தொடவே இல்லை. "பேனா" என்றார். செல்வலட்சுமி உள்ளே போய் அரிசி புடைக்கிற சுளகை எடுத்து வந்து, தலைகீழாகக் கவிழ்த்து அவர் மடியில் வைத்து, இரண்டு கையாலும் ஆடாமல் பிடித்துக்கொண்டாள். அதன் மேல் முத்திரைத்தாள்.

பழகாத கை. 'ச' போட்டு முடிக்கவே நேரம் பிடித்தது. புள்ளி தள்ளிப் போய் விழுந்தது. வெளியே கார் டிரைவர் ஹாரனை ஒருமுறை மெதுவாகத் தட்டினார். மறுநாள் ஃபிளைட்டுக்கு முன்னால் இன்னும் இரண்டு வீட்டில் சொல்லிக்கொள்ள வேண்டியிருந்தது. பிரேம்குமார் போனை எடுத்து நேரம் பார்க்கவில்லை. அப்பாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் தரையில் குந்தி, பேனா போகிற வழியையே பார்த்துக்கொண்டிருந்தான்.

'வை' வந்தது. 'கு' வந்தது.

"அவசரமில்லப்பா" என்றான்.

"நான் எங்கலே அவசரப்பட்டேன்?" என்றார் வைகுண்டராஜ், தலையைத் தூக்காமல்.